துக்கம் ஏகமனதாக நிறைவேறியது

வக்கீலுக்கு ஊரார் வைத்திருந்த பெயர் ‘குறுக்கு’. குறுக்கு விசாரணைக்கு அவர் எழுந்து கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டால் போதும், எதிர்த் தரப்புச் சாட்சிக்குத் தன் தகப்பனார் பெயரிலேயே சந்தேகம் தட்டிவிடும். அப்பேர்ப்பட்டவர் சட்டசபைக்கு நிற்கக் காரணம் தேசபக்தி என்று அவருடைய தேர்தல் நோட்டீஸ் சொன்னது. நோட்டீஸ் என்றால் ஏதாவது சொல்லத்தானே வேண்டும். உண்மையான காரணம் அவருடைய அக்கா வீட்டுக் குடிதண்ணீர்.

அக்கா குடியிருந்த தெருவின் கோடியில் ஒரு கிணறு. கிணற்றை ஒட்டி ஒரு மதில். மதிலுக்கு அந்தப் பக்கம் தோல் பதனிடும் கிடங்கு. சுண்ணாம்புத் தொட்டியில் ஊறிய தோலிலிருந்து வழித்தெடுத்த மயிரும் சதையும் கலந்த கழிவு, மதிலடியில் இருந்த துவாரத்தின் வழியே வாய்க்காலாக வெளியே வரும். கிணற்றைப் பாதி சுற்றும். அதற்குமேல் போக இடமில்லாததால் அங்கேயே குடித்தனம் நடத்தும். அந்தக் கிணற்றுத் தண்ணீரைக் குடத்தில் வைத்தால் சற்று நேரத்தில் மேலே ஓர் ஆடை கட்டும். துணி போட்டு வடித்தால் துணியில் முடி நிற்கும். நாற்றம் மட்டும் எந்தத் துணியிலும் நிற்காது.

ஒருநாள் கோர்ட்டிலிருந்து நேரே வந்த தம்பியின் முன்னால் அக்கா ஒரு டம்ளரை வைத்தாள்.

“குடி.”

“தாகமில்லேக்கா.”

“வெயில்ல நடந்து வந்தவனுக்குத் தாகமில்லையாம். பொய்ச்சாட்சி மூஞ்சி எப்படி இருக்கும்னு உனக்குத்தான் தெரியுமே, போய்க் கண்ணாடியைப் பாரு.”

அத்தான் சுவரோரமாக உட்கார்ந்து கைவிரல்களில் ஒட்டியிருந்த மையைத் தேய்த்துக்கொண்டிருந்தார். அரசாங்க அச்சாபீசில் எழுத்துக் கோர்ப்பவர். பேச்செல்லாம் ஆபீசிலேயே கோர்த்து முடித்துவிடுவதால் வீட்டில் அதிகம் பேசமாட்டார். “எதிர்வீட்டுக் குழந்தை போயிடுச்சு, மாப்ளே,” என்று மட்டும் சொன்னார். “வாந்தி பேதி.”

“அதுக்கு முன்னாடி தையல்காரர் பெண்சாதி,” என்றாள் அக்கா. “நகரசபை ஆளு ஒருத்தன் வந்தான். கிணத்தை எட்டிப் பாத்தான். மூக்கைப் பொத்திக்கிட்டு, ‘தண்ணி நல்லாத்தாம்மா இருக்கு, வாசனைதான் சரியில்லை’ன்னான். வாசனையை மட்டும் வீட்டுக்கு எடுத்துட்டுப் போடான்னேன். சட்டசபையில தீர்மானம் போட்டாத்தான் வாய்க்கால் நகரும்னு சொல்லிட்டுப் போயிட்டான். நீ போய்க் கேளு. உனக்குக் கேள்வி கேக்கிறது ஒண்ணுதானே தெரியும்.”

வக்கீல் நின்றார். ஜெயித்தார். அது பெரிய காரியமில்லை. நிலமோ மாடிவீடோ உள்ளவர்களுக்குத்தான் ஓட்டு. அந்த வட்டாரத்தின் மொத்த வாக்காளர்களையும் ஒரே பந்தியில் உட்காரவைத்துவிடலாம்; வக்கீலும் அதைத்தான் செய்தார். அக்காவின் தெருவில் ஒருவருக்கும் ஓட்டுக் கிடையாது. அவர்கள் தெருமுனையில் நின்று கைதட்டினார்கள்.

சட்டசபையின் முதல் நாள், கதவருகே இரண்டு அங்கத்தினர்கள் வழியை அடைத்துக்கொண்டு நின்றார்கள். இருவரில் மூத்தவர் யார், யார் முதலில் நுழைவது என்று தகராறு. தோட்டங்களின் பிரதிநிதியான பெரிய மீசைக்காரரை அரசாங்கம் நியமித்தது காலையில். வியாபாரிகளின் பிரதிநிதியை நியமித்தது அதே நாள் மாலையில். அந்த ஒரு பகல் வித்தியாசத்தை மீசைக்காரர் மீசையிலேயே வைத்திருந்தார். காரியதரிசி ஓடிவந்து மூப்பு வரிசையைச் சொல்லிப் பிரித்துவிட்ட பிறகுதான் மற்றவர்கள் உள்ளே போக முடிந்தது. கடைசியாக நுழைந்தவர் வக்கீல். அவர்தான் எல்லோரிலும் இளையவர்.

உள்ளே உயரமான ஜன்னல்கள், பளபளக்கும் மேஜைகள், உட்கார்ந்தால் புஸ்ஸென்று பெருமூச்சு விட்டு இறங்கும் தோல் நாற்காலிகள். வக்கீல் தன் நாற்காலியைத் தடவிப் பார்த்தார். மெத்தென்று இருந்தது.

“நம்ம கிடங்குத் தோல்தான்,” என்றார் பக்கத்து நாற்காலிக்காரர். “சபைக்கு இனாமாக் குடுத்தேன்.”

அவர் தோல் கிடங்கின் முதலாளி. பூசினாற்போன்ற உடம்பு, சிரித்த முகம், சட்டைக் கையில் பன்னீர் வாசனை. வக்கீலின் தீர்மானம் என்னவென்று அவருக்குத் தெரியும். அதற்காக முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளவில்லை. “தாராளமாக் கொண்டாங்க. எடுத்தாங்கன்னா நான் பதில் சொல்றேன். எடுக்கணுமே,” என்றார்.

எடுக்கணுமே என்றால் என்ன என்று வக்கீல் கேட்பதற்குள் மணி அடித்தது. தலைவர் துரை வந்து உட்கார்ந்தார். எல்லோரும் உட்கார்ந்தார்கள். துரை உடனே எழுந்தார். எல்லோரும் எழுந்தார்கள். (சபையில் நடந்ததெல்லாம் இங்கிலீஷில்தான். தமிழில் சொன்னால் சபைக்குக் கொஞ்சம் மானம் போகும்; வேறு வழியில்லை.)

“கனம் அங்கத்தினர்களே, முன்னொரு காலத்தில் இந்தச் சபையில் இருந்த ஒருவர் காலமாகிவிட்டார் என்று அறிவிக்க வருந்துகிறேன். அவர் ஒரே ஒரு நாள்தான் சபைக்கு வந்தார். அன்றும் சீக்கிரமாகப் போய்விட்டார். ஆனால் அவர் விட்டுச்சென்ற இடைவெளி அன்றிலிருந்தே உணரப்பட்டு வருகிறது. சபை துக்கிக்குமா?”

“துக்கிக்கும்,” என்றார்கள் எல்லோரும்.

“ஆட்சேபணை?”

இருமல்கூட இல்லை.

“துக்கம் ஏகமனதாக நிறைவேறியது. சபை கலைகிறது.”

சேவகன் ஒரு வெள்ளித் தட்டில் கறுப்பு ரிப்பன்களை அடுக்கிக் கொண்டுவந்தான். எல்லோரும் கையில் ரிப்பனைக் கட்டிக்கொண்டு பக்கத்து அறைக்குப் போனார்கள். அங்கே டீயும் கேக்கும் இருந்தன. ஆவி பறந்துகொண்டிருந்த டீயைப் பார்த்தால், இறந்தவர் இறப்பதற்கு முன்பே கொதிக்க வைத்ததுபோல் இருந்தது.

வக்கீல் காரியதரிசியைப் பிடித்தார். காரியதரிசி ஒல்லியான மனிதர். துரைமாரோடு பழகிப் பழகித் தமிழையும் மூக்கால் பேசுபவர்.

“என் தீர்மானம் என்னாச்சு சார்?”

“காலாவதி. எடுக்கிற நாளிலே எடுக்கலேன்னா செத்ததுக்குச் சமானம். மறுபடி நோட்டீஸ் கொடுங்க, அடுத்த கூட்டத்திலே வரும்.”

“அடுத்த கூட்டத்துல வேற யாராவது செத்தா?”

“துக்கிப்போம்,” என்றார் காரியதரிசி, இதில் என்ன சந்தேகம் என்பதுபோல். பிறகு புது ஆள் என்பதால் இரக்கப்பட்டு விவரம் சொன்னார். துக்கத்துக்குப் படிகள் உண்டு. அங்கத்தினர், அவருடைய பெற்றோர், மனைவி, மக்கள், உடன்பிறந்தார் – இது முதல் படி; சபை அன்றைக்குக் கலையும். மற்ற சொந்தக்காரர்கள் இரண்டாம் படி. சபை ஒரு நிமிஷம் எழுந்து நின்றுவிட்டு வேலையைப் பார்க்கும். சிநேகிதர்கள் மூன்றாம் படி. சபையின் சார்பில் காரியதரிசி ஒரு பெருமூச்சு விடுவார். “எல்லாம் நானே வகுத்தது,” என்றார். “மற்ற நாட்டுச் சபைகளிலேகூட இவ்வளவு ஒழுங்கா துக்கப்படறது கிடையாது.”

அடுத்த கூட்டத்தில் ஒரு குதிரை இறந்திருந்தது.

சபையைத் திறந்துவைக்க வரும் கவர்னர் சாரட்டின் இடப்பக்கக் குதிரை. குதிரைக்குத் துக்கிக்கலாமா என்று முதலில் ஒரு விவாதம் நடந்தது. விவாதம் என்று அந்தச் சபையில் வக்கீல் பார்த்தது அது ஒன்றைத்தான். குதிரை அங்கத்தினரா என்று வியாபாரப் பிரதிநிதி கேட்டார். அங்கத்தினர்களில் சிலரைவிட அதிக தடவை இந்தக் கட்டடத்துக்கு வந்திருக்கிறது என்றார் மீசைக்காரர். வியாபாரப் பிரதிநிதி அதைத் தன்னைச் சொன்னதாக எடுத்துக்கொண்டார். துரை கையமர்த்தினார்.

“இந்தக் குதிரை எந்நாளும் நேரத்துக்கு வந்தது. அரசாங்கம் காட்டிய திசையில் நடந்தது. தானாக எங்கும் திரும்பியதில்லை. உபகேள்வி கேட்டதில்லை. கண்ணுக்குப் பக்கத்தில் மறைப்புக் கட்டியபோது அதன் காரணத்தைப் புரிந்துகொண்டது. கனம் அங்கத்தினர்கள் பலர் இதைத் தங்களுக்கு உதாரணமாகக் கொண்டிருப்பதை இந்த ஆசனத்திலிருந்து நான் மகிழ்ச்சியோடு கவனித்து வருகிறேன்.”

அங்கத்தினர்கள் மேஜையைத் தட்டினார்கள். முதல் படி. சபை கலைந்தது. கையில் ரிப்பனோடு கேக் தின்றுகொண்டு நின்றபோதுதான் வக்கீலுக்குத் தானும் மேஜையைத் தட்டியது நினைவு வந்தது.

“குதிரை செத்தா உங்களுக்கு லீவா?” என்றாள் அக்கா.

“அது கவர்னர் குதிரைக்கா.”

“அப்ப எங்க தெருவுல ஆளுக்கொரு சேணம் வாங்கி மாட்டிக்கிறோம். தையல்காரர் தைச்சுக் குடுப்பார், அவருக்கும் இப்ப வீட்டுல பாத்துக்கப் பெண்சாதி கிடையாது.”

அத்தான் சிரிக்கவில்லை. குதிரைக்கான இரங்கலைக் கறுப்புக் கரை போட்டுக் கோர்த்தவர் அவர்தான். அவருடைய மடியில் சின்ன மகள் தூங்கிக்கொண்டிருந்தாள்.

மூன்றாவது கூட்டத்தில் யாரும் சாகவில்லை. வக்கீல் எழுந்து கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். “தலைவர் அவர்களே, ஒரு கிணற்றைப் பற்றி…” என்று ஆரம்பித்தார். அப்போது காரியதரிசி நுனிக்காலில் ஓடிவந்து துரையின் காதில் ஏதோ சொன்னார். சபையின் மிக வயதான அங்கத்தினர், ‘தூங்குமூஞ்சி’ என்று எல்லோரும் அன்பாக அழைக்கும் பெரியவர், வாசகசாலை நாற்காலியில் தலை தொங்கிப்போய்க் கிடக்கிறாராம். தொட்டுப் பார்த்தார்களாம், தட்டியும் பார்த்தார்களாம்.

துக்கம் ஏகமனதாக நிறைவேறியது. மீசைக்காரர் ஒரு பாட்டம் பேசினார். தோல் முதலாளி கண்ணைத் துடைத்துக்கொண்டார். எல்லோரும் பக்கத்து அறைக்குப் போனார்கள். அங்கே தூங்குமூஞ்சிப் பெரியவர் எல்லோருக்கும் முன்பாக வந்து உட்கார்ந்து கேக் தின்றுகொண்டிருந்தார்.

“யாருக்கு என்ன ஆச்சு?” என்றார், ரிப்பன்களைப் பார்த்து.

ஆளாளுக்கு டீக் கோப்பையை எடுத்துக்கொண்டார்கள். சபையில் அவரைப் பற்றி அவ்வளவு உயர்வாகப் பேசிவிட்டு, அவரிடமே பேசுவது கொஞ்சம் கூச்சமாக இருந்தது. கடைசியில் காரியதரிசி துரையைக் கலந்துகொண்டு வந்து தீர்ப்பைச் சொன்னார். நிறைவேறிய துக்கத்தைத் திரும்பப் பெற விதி இல்லை.

“நான் உசுரோட இருக்கேனேய்யா.”

“அது உங்க சொந்த விஷயம். சபையிலே அதை எழுப்ப முடியாது.”

“ஏன்?”

“எழுப்பறதுக்கு நீங்க அங்கத்தினரா இருக்கணும். நீங்கதான் காலமாயிட்டீங்களே.”

வக்கீல் கொதித்துப்போனார். பெரியவருக்காகத் தானே வாதாடுவதாகச் சொன்னார். பெரியவர் அவரைத் தனியாக ஓர் ஓரத்துக்கு இழுத்துக்கொண்டு போனார். “வேணாம் தம்பி. இத்தனை வருஷம் உக்காந்திருந்தேன், ஒருத்தன் என்னைப் பத்தி ஒரு நல்ல வார்த்தை சொன்னதில்ல. இன்னிக்கு மீசைக்காரன் என்னைச் சிங்கம்னு சொன்னானாம். நாளைக்குப் பேப்பர்ல படம் வரும். எதுக்கு அதைக் கெடுத்துக்கணும்?” என்றார். அன்று முதல் அவர் பார்வையாளர் மாடத்தில் உட்கார்ந்தார். டீ நேரத்துக்கு மட்டும் இறங்கி வருவார்.

வக்கீலுக்கு ஒரு யோசனை தோன்றியது. துக்கம்தான் இந்தச் சபைக்குத் தெரிந்த ஒரே வேலை என்றால், துக்கத்தின் வழியாகவே உள்ளே போய்விடுவது. அவர் காரியதரிசியின் அறைக்குப் போய், கிணற்றுத் தண்ணீரால் செத்த தெருக்காரர்களுக்கு ஓர் இரங்கல் தீர்மானம் கேட்டார்.

“அவங்க எந்த அங்கத்தினருக்கு என்ன உறவு?”

“உறவில்லை. மனுஷங்க.”

காரியதரிசி அனுதாபத்தோடு தலையை ஆட்டினார். “அப்படி ஒரு படி நம்மகிட்டே இல்லையே.”

அடுத்த கூட்டம் ஒரு வெள்ளிக்கிழமை என்று குறித்திருந்தார்கள். அந்த வாரம் அக்கா படுத்துவிட்டாள். வக்கீல் போனபோது கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு வாளியும் ஒரு துணியும் இருந்தன. அறை முழுக்க ஒரே நாற்றம். அக்காவின் நாற்றம் எது, தண்ணீரின் நாற்றம் எது என்று பிரிக்க முடியவில்லை. டாக்டர், கொதிக்கவைத்த தண்ணீரை நிறையக் கொடுக்கச் சொல்லிவிட்டுப் போயிருந்தார். அதைத்தான் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். கொதித்த பிறகு முடி மேலே மிதந்ததால் எடுத்துப்போட வசதியாக இருந்தது.

கன்னம் ஒட்டி, கண் உள்ளே போயிருந்தது. வாய் மட்டும் பழைய வாய்தான். “தீர்மானம் எப்படா?”

“வெள்ளிக்கிழமைக்கா. இந்தத் தடவை முதல்லயே என்னுது.”

“அதுவரைக்கும் எவனும் சாகாம இருக்கணுமே.”

“இருப்பாங்கக்கா.”

“உங்க ஆளுங்களை நம்ப முடியாது. செத்தும் வந்து கேக் தின்னுவாங்க.”

வியாழக்கிழமை அக்கா செத்துப்போனாள்.

சொந்தக்காரர்கள் தடுத்தும் கேட்காமல், மறுநாள் வக்கீல் சபைக்குப் போனார். போகாவிட்டால் தீர்மானம் காலாவதியாகிவிடும். சவரம் செய்யாத முகமும் கசங்கிய கோட்டுமாக அவர் படியேறியபோது, காரியதரிசி வாசலிலேயே காத்திருந்தார். வெள்ளித் தட்டில் ரிப்பன்கள் தயாராக இருந்தன.

“முதல் படி,” என்றார் காரியதரிசி, பரீட்சை முடிவு சொல்கிறவரைப்போல. “உடன்பிறந்தவங்க. சபை கலையும்.”

“கலைக்காதீங்க சார். எனக்குத் துக்கம் வேணாம். தீர்மானத்தை எடுத்தாப் போதும்.”

“துக்கம் உங்களுது இல்லை. சபையோடது,” என்றார் காரியதரிசி, ரிப்பனை அவருடைய கையில் கட்டிக்கொண்டே.

துரை எழுந்தார். எல்லோரும் எழுந்தார்கள். இரங்கலை முன்மொழியத் தோல் முதலாளி முன்வந்தார். அவர் குரல் உண்மையாகவே தழுதழுத்தது.

“அந்த அம்மையாரின் வீடும் என் கிடங்கும் அடுத்தடுத்து. நடுவில் ஒரு மதில்தான். அவர் சமைத்தால் எங்கள் ஆட்களுக்குப் பசிக்கும். எங்கள் வாசனையும் அவருக்கு எந்நேரமும் போய்க்கொண்டிருந்தது. எங்களிடம் இருப்பது எதையும் நாங்கள் அவருக்குக் கொடுக்காமல் இருந்ததில்லை. இத்தனைக்கும் அவரிடமிருந்து பிரதியாக ஒன்றும் எதிர்பார்க்கவில்லை. இனி அந்த வாய்க்கால் யாருக்காக ஓடும் என்று என் மனம் ஏங்குகிறது.”

அரசாங்கத் தரப்பு அங்கத்தினரான சுகாதார அதிகாரி வழிமொழிந்தார். “காலமான அம்மாள் எங்கள் இலாகாவுக்குப் பல மனுக்கள் அனுப்பியிருக்கிறார். முத்து முத்தான கையெழுத்து. அப்படி ஒரு கையெழுத்தைப் பதில் எழுதிக் கெடுக்க யாருக்கும் மனம் வரவில்லை. எல்லாவற்றையும் பத்திரமாக வைத்திருக்கிறோம்.”

மேஜைகள் மெதுவாகத் தட்டப்பட்டன. துக்கத்தில் தட்டுவதற்கென்று தனியாக ஒரு தட்டல் இருந்தது. துரை வக்கீலைப் பார்த்தார். “கனம் அங்கத்தினர் பதில் சொல்லலாம். இரங்கலின்போது மரணத்தின் காரணத்தைக் குறிப்பிடுவது மரபல்ல. காரணம் என்பது அபிப்பிராய பேதத்துக்கு உரியது. மரணம் ஒன்றுதான் எல்லோருக்கும் சம்மதமானது.”

வக்கீல் எழுந்து கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். சொல்ல வேண்டியது அவருக்குத் தெரியும். ‘வாய்க்கால்’ என்ற ஒரு வார்த்தை போதும். சபையை விட்டு வெளியேற்றுவார்கள். வெளியேற்றினால் பேப்பரில் வரும். பேப்பரில் வந்தால் நாலு பேர் கேட்பார்கள். அவர் வாயைத் திறந்தார். நிமிர்ந்து பார்த்தார். சபை முழுவதும் கண்கள் ஈரமாக, அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. அவர் சபைக்கு வந்த நாளிலிருந்து யாரும் அவரை முழுசாகப் பார்த்ததில்லை. மாடத்தில் இறந்துபோன பெரியவர்கூடக் கன்னத்தில் கைவைத்துக் காத்திருந்தார்.

“நன்றி,” என்றார் வக்கீல்.

அதோடு உட்கார்ந்திருக்கலாம். உட்காரவில்லை. அக்கா தன்னைப் படிக்க வைத்ததைச் சொன்னார். தாயில்லாத தம்பிக்குத் தாயானதைச் சொன்னார். குரல் தானாக ஏறியது, தானாக இறங்கியது. நிறுத்த வேண்டிய இடத்தில் தானாக நின்றது. நிருபர்கள் எழுதிக்கொண்டே இருந்தார்கள். மீசைக்காரரின் மீசை நனைந்தது. கிணறு ஒரே ஓர் இடத்தில் வந்தது: அக்காவின் அன்பு வற்றாத கிணறு என்று. முடித்தபோது தோல் முதலாளி அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். பன்னீர் வாசனை அடித்தது.

துக்கம் ஏகமனதாக நிறைவேறியது. தீர்மானம் காலாவதியாயிற்று.

அதற்குப் பிறகு சபையில் யார் செத்தாலும் வக்கீலைத்தான் பேசச் சொன்னார்கள். மீசைக்காரரின் மாமியார் முதல் கவர்னர் மாளிகைக் கிளி வரை அவர் பேசினார். ‘குறுக்கு’ என்ற பெயர் போய் ‘உருக்கு’ என்ற பெயர் வந்தது, உருக்கிவிடுகிறார் என்று. உடம்பு சரியில்லாத பிரமுகர்கள் தங்கள் இரங்கலில் அவர் பேசுவதைத் தாங்கள் கேட்க முடியாமல் போகப்போகிறதே என்று வருத்தப்பட்டார்கள். வாய்க்கால் தீர்மானத்துக்கு அவர் ஒவ்வொரு தடவையும் மறக்காமல் நோட்டீஸ் கொடுத்துவந்தார். கொடுத்துவிட்டு அன்றைய இரங்கலுக்குக் குறிப்பு எடுக்கப் போய்விடுவார். அக்கா வீட்டுக்கு மட்டும் போக நேரம் கிடைக்கவில்லை. போன ஓரிரு தடவையும் கையோடு சோடா எடுத்துக்கொண்டு போனார்.

இப்படி இருக்கும்போது சபைக்கு நன்றியுணர்ச்சி வந்தது. இத்தனை பேருக்காக அழுத மனிதரின் அக்காவுக்கு ஒரு ஞாபகச்சின்னம் வைக்க வேண்டாமா என்று தோல் முதலாளி கேட்டார். ஏழைகள் தாகம் தீர, அதே தெருவில் ஒரு சலவைக்கல் குடிநீர்க் குழாய். எல்லோரும் மேஜையைத் தட்டினார்கள்.

வக்கீல் காரியதரிசியின் அறைக்குப் போனார்.

“குழாய்க்குத் தண்ணி எங்கேர்ந்து?”

“பக்கத்திலே கிணறு இருக்கே. ஒரு பம்பு போட்டாப் போச்சு.”

“அந்தக் கிணறா?”

“அந்தத் தெருவிலே வேறே கிணறு கிடையாதே,” என்றார் காரியதரிசி. “உங்க தீர்மானத்திலேயே அப்படித்தானே இருக்கு.”

வக்கீல், கல்வெட்டில் அக்காவின் பெயர் எந்த அளவு எழுத்தில் இருக்கும் என்று கேட்டுவிட்டு வந்தார்.

திறப்பு விழாவுக்குச் சபையே வண்டி கட்டிக்கொண்டு வந்தது. தெருவில் பந்தல் போட்டு, வாய்க்கால்மேல் பலகை அடித்து, பலகைமேல் சிவப்புக் கம்பளம் விரித்திருந்தார்கள். கம்பளத்தில் கால் வைத்தால் அடியில் சளக்கென்றது. அங்கத்தினர்கள் கைக்குட்டையால் மூக்கைத் தொட்டுக்கொண்டார்கள். துக்கத்தினால் என்று பார்ப்பவர்கள் நினைத்துக்கொள்ளலாம். தெருக்காரர்கள் கயிற்றுக்கு அந்தப் பக்கம் காலிக் குடங்களோடு நின்றார்கள். கிணற்றை மூடிப் பம்பு வைத்ததால் காலையிலிருந்து யாருக்கும் தண்ணீர் இல்லை.

துரை குழாயைத் திருகினார். முதலில் காற்று வந்தது. பிறகு ஒரு கொப்பளிப்பு. பிறகு தண்ணீர் வந்து, சலவைக்கல்லில் நுரைத்து, அக்காவின் பெயர்மேல் தெறித்தது. காரியதரிசி ஒரு கண்ணாடி டம்ளரில் பிடித்து மரியாதையாக நீட்டினார். வெயிலில் டம்ளருக்குள் ஒரு முடி மெதுவாகச் சுற்றிக்கொண்டிருந்தது.

முதல் வாய் துரையுடையது. துரை டம்ளரைப் பார்த்தார். “இது மக்களின் நீர். மக்கள் பிரதிநிதிகளை நான் முந்துவது முறையல்ல,” என்று மூத்தவரான மீசைக்காரரிடம் கொடுத்தார்.

மீசைக்காரருக்கு அன்றைக்குத்தான் உண்மை புலப்பட்டது. “யோசிச்சுப் பார்த்தா என்னைவிட நீங்கதான் மூத்தவர்,” என்று வியாபாரப் பிரதிநிதியிடம் நீட்டினார்.

“சேச்சே. நீங்க காலையில, நான் சாயங்காலம்.”

“ஒரு பகல் என்ன பெரிய வித்தியாசம்?”

“அதெப்படி, மரபுன்னு ஒண்ணு இருக்கே,” என்று வியாபாரப் பிரதிநிதி டம்ளரைத் தோல் முதலாளியிடம் தள்ளினார். தோல் முதலாளி தொண்டை சரியில்லை என்றார். சுகாதார அதிகாரி, அரசாங்க ஊழியர்கள் பொதுமக்களிடமிருந்து எதையும் வாங்கக்கூடாது என்றார். டம்ளர் மாடத்துப் பெரியவரிடமும் போயிற்று. “செத்தவனுக்கு ஏதுய்யா தாகம்?” என்றார் அவர். எந்தக் காலத்திலும் எந்தக் கதவிலும் காணாத பணிவோடு ஒருவருக்கொருவர் வழிவிட்டு, கடைசியில் எல்லோரிலும் இளையவரின் கைக்கு டம்ளர் வந்து சேர்ந்தது. அவருக்குக் கீழே ஆள் இல்லை.

வக்கீல் டம்ளரைப் பார்த்தார். முடி இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. கயிற்றுக்கு அப்பால் அத்தான் குடத்தோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

வக்கீலின் கை தானாகக் கோட்டை இழுத்துவிட்டது. “தலைவர் அவர்களே, இது தண்ணீர் அல்ல. என் அக்காவின் நினைவு. நினைவை யாரும் குடிக்கக்கூடாது. இதை இந்தக் கல்லின்மேல் தொடாமல் வைத்து, அதன்முன் இரண்டு நிமிஷம் மௌனமாக நிற்போம் என்று முன்மொழிகிறேன்.”

அவ்வளவு உள்ளன்போடு அந்தச் சபை எந்தத் தீர்மானத்தையும் நிறைவேற்றியதில்லை. இரண்டு நிமிஷத்துக்குப் பதிலாக மூன்று நிமிஷம் நின்றார்கள். துரை வக்கீலின் தோளைத் தட்டினார். அரசாங்கம் அடுத்து வழங்கும் பட்டங்களின் பட்டியலில் அவர் பெயரும் இருக்கும் என்று காரியதரிசி காதில் சொன்னார். எல்லோரும் மூப்பு வரிசைப்படி வண்டியேறப் போனார்கள். வண்டிக் கதவருகே மீண்டும் தகராறு வந்தது.

கயிற்றை அவிழ்த்ததும் அத்தான் வந்தார். விரல்களில் மை. இடுப்பில் குடம்.

“வீட்டுக்கு வந்துட்டுப் போயிருக்கலாம் மாப்ளே.”

“சபை இருக்கு அத்தான். இன்னொரு நாள் வரேன்.”

“அதுக்கில்ல. சின்னவளுக்குக் காலையிலேர்ந்து வயிறு சரியில்ல. அவ அம்மாவுக்கு ஆரம்பிச்ச மாதிரியே ஆரம்பிச்சிருக்கு.” அத்தான் குடத்தைக் குழாயடியில் வைத்து, அதன் வாயைச் சரி பார்த்தார். “அந்தப் படியெல்லாம் நான்தான் கோர்த்தேன், எனக்கு நினைவில நிக்கல. அக்கா மக எந்தப் படி?”

கோர்ட்டில் எத்தனையோ சாட்சிகளை வக்கீல் பார்த்திருக்கிறார். யோசிக்காமல் உடனே வருகிற பதில்தான் உண்மையான பதில் என்று ஜூனியர்களுக்குச் சொல்லிக்கொடுத்ததும் அவர்தான்.

“ரெண்டாவது,” என்றார்.

“அப்ப கலையாது.”

“கலையாது. நிப்பாங்க.”

“எவ்வளவு நேரம்?”

“ஒரு நிமிஷம்.”

அத்தான் தலையை ஆட்டிவிட்டுக் குழாயைத் திருகினார்.